'லத்தீனோ' என்ற பெயர் இன்னும் எத்தனை தலைமுறை தாங்கும்? (விவாத இழை)

வடகரை எழுதியது:

லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் 11 ஆண்டுகளாக வசிக்கிறேன். என் பக்கத்து வீட்டுக்காரர் மெக்சிகோவின் தெற்கே, ஒஹாக்கா மாநிலத்து மலைக்கிராமம் ஒன்றிலிருந்து வந்தவர். சென்ற மாதம் மகளின் பள்ளிப் படிவத்தை நிரப்ப உதவி கேட்டு வந்தவர், 'ஹிஸ்பானிக் அல்லது லத்தீனோ' (ஸ்பானிஷ் பேசும் நாடுகளின் அல்லது லத்தீன் அமெரிக்காவின் வழிவந்தோர்) என்ற கட்டத்துக்கு வந்ததும் பேனாவை நிறுத்திவிட்டுச் சிரித்தார். "எங்கள் ஊரில் நான் இன்னார் மகன். மாநிலத் தலைநகருக்குப் போனால் மலைக்காரன். மெக்சிகோ நகரத்தில் 'இந்தியன்', அதாவது பூர்வகுடி. இங்கே வந்த பிறகு மெக்சிகோக்காரன். லத்தீனோவாக இருப்பது இந்தத் தாளில் மட்டும்தான்" என்று சொல்லிவிட்டு, அந்தக் கட்டத்தில் ஒரு கோடு போட்டார்.

அந்தப் பேச்சு மனத்தை விட்டுப் போகாததால் இந்த இழையைத் தொடங்குகிறேன். அவருடைய தாய்மொழி சபோட்டெக் என்ற பூர்வகுடி மொழி. ஸ்பானிஷ் அவர் பள்ளியில் கற்ற மொழி. மகள் ஆங்கிலத்தில்தான் சிந்திக்கிறாள், ஆனால் அவள் கைப்பேசியில் நாள் முழுதும் ஒலிப்பது ஸ்பானிஷ் பாட்டு. ஒரே வீட்டில் இப்படி மூன்று திசைகள் இழுக்கும்போது, 'லத்தீனோ பண்பாடு' என்று நாம் எளிதாகச் சொல்லிவிடும் ஒன்று உண்மையில் இருக்கிறதா, இருந்தால் இணையம் அதைக் கட்டுகிறதா கரைக்கிறதா என்பதே என் கேள்வி. இங்கே ஸ்பானிஷ் தெரிந்தவர்களும் தென் அமெரிக்காவில் பணிபுரிந்தவர்களும் இருப்பதால் பொறுமையாகப் பேசலாம் என்று நினைக்கிறேன்.

கணக்கன் எழுதியது:

சொல் எப்படிப் பிறந்தது என்பதை முதலில் பார்த்துவிடலாம், ஏனென்றால் குழப்பத்தில் பாதி அங்கேதான் இருக்கிறது.

1930ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் அமெரிக்க அரசு 'மெக்சிகன்' என்பதை ஒரு தனி இனமாகவே எழுதியது. மெக்சிகோ அரசும், டெக்சாஸில் அதற்கு முந்தைய ஆண்டு தோன்றியிருந்த லூலாக் என்ற மெக்சிகோ வழியினரின் அமைப்பும் எதிர்ப்புத் தெரிவித்ததால் அடுத்த கணக்கெடுப்பில் அது கைவிடப்பட்டது. மெக்சிகோ வழிவந்தோர் வெள்ளையர் வரிசைக்குத் திரும்பினர். 1970இல் ஸ்பானிஷ் வழித்தோன்றல் பற்றிய கேள்வி 5 விழுக்காட்டு மக்களிடம் மட்டும் மாதிரிக்காகக் கேட்கப்பட்டது. 1976இல் இயற்றப்பட்ட சட்டம் ஒன்று இம்மக்களைப் பற்றிய புள்ளிவிவரங்களைத் தனியே திரட்டும்படி அரசுத் துறைகளைப் பணித்தது. மறு ஆண்டு 'ஹிஸ்பானிக்' அதிகாரபூர்வ வகைப்பாடாயிற்று. 1980இல் அக்கேள்வி எல்லா வீடுகளுக்கும் போனது. 'லத்தீனோ' என்ற சொல் கணக்கெடுப்புப் படிவத்தில் ஏறியது 2000ஆம் ஆண்டில்தான்.

அதற்கு முன்பு நியூயார்க்கில் இருந்தவர்கள் புவேர்ட்டோ ரிக்கர்கள், மயாமியில் இருந்தவர்கள் கியூபர்கள், கலிபோர்னியாவிலும் டெக்சாஸிலும் இருந்தவர்கள் மெக்சிகோ வழியினர். ஒருவருக்கொருவர் பெரிதாகத் தொடர்பில்லை. அவர்களை ஒரே கூடத்தில் உட்கார வைத்ததில் தொலைக்காட்சிக்குப் பெரிய பங்குண்டு. டெக்சாஸின் சான் அந்தோனியோ நகரத்து ஸ்பானிஷ் நிலையத்தை மையமாகக் கொண்டு 1960களின் தொடக்கத்தில் உருவான வலையமைப்புதான் 1987இல் யூனிவிஷன் என்று பெயர் மாற்றிக்கொண்டது. சிலி நாட்டில் பிறந்து 1986இல் மயாமிக்கு இடம்பெயர்ந்த சனிக்கிழமை நிகழ்ச்சி ஒன்று 2015 வரை ஓடியது. மெக்சிகோப் பாட்டியும் கியூபத் தாத்தாவும் வாரம் ஒருமுறை ஒரே நகைச்சுவைக்குச் சிரித்தார்கள் என்பதைக் குறைத்து மதிப்பிட முடியாது. விளம்பரக்காரர்களுக்கும் ஒரே சந்தை கிடைத்தது.

2020 கணக்கெடுப்பின்படி இவர்கள் 6.21 கோடிப் பேர், அதாவது அமெரிக்க மக்கள்தொகையில் 18.7 விழுக்காடு. அதில் ஒரு விந்தை உண்டு. ஒன்றுக்கு மேற்பட்ட இனங்களைக் குறித்த ஹிஸ்பானிக் மக்கள் 2010இல் சுமார் 30 இலட்சம், 2020இல் 2.03 கோடி. 'வெள்ளையர்' என்று மட்டும் குறித்தவர்கள் 2.67 கோடியிலிருந்து 1.26 கோடியாகக் குறைந்தார்கள். பத்து ஆண்டுகளில் யாருக்கும் தோல் நிறம் மாறிவிடவில்லை. கேள்வியின் அமைப்பும் விடைகளைக் குறியிடும் முறையும் மாறியது ஒரு காரணம் என்று கணக்கெடுப்புத் துறையே சொல்கிறது. மீதியைப் பற்றித்தான் நாம் வாதிட வேண்டும். 2024 மார்ச் மாதம் வெளியான புதிய விதிப்படி இனமும் ஹிஸ்பானிக் அடையாளமும் இனி ஒரே கேள்வியாகக் கேட்கப்படும். அப்போது இந்த எண்கள் மீண்டும் ஒருமுறை குலுங்கும்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். அரசின் வரையறையில் பிரேசிலியர்கள் ஹிஸ்பானிக் அல்லர். அவர்கள் லத்தீனோ என்று குறித்தாலும் கணிப்பொறி அந்த விடையை வழக்கமாக 'ஹிஸ்பானிக் அல்லர்' என்று மாற்றிவிடும். 2020 அமெரிக்கச் சமுதாய ஆய்வில் அந்த மாற்றம் தவறுதலாக நடக்காமல் போயிற்று. முந்தைய ஆண்டு வெறும் 14,000 ஆக இருந்த லத்தீனோ பிரேசிலியர் எண்ணிக்கை அந்த ஆண்டு குறைந்தது 4,16,000 ஆகிவிட்டது. அவர்களில் பெரும்பகுதியினர் தங்களை லத்தீனோவாகத்தான் கருதி வந்திருக்கிறார்கள் என்பது ஒரு மென்பொருள் பிழையால் தெரியவந்தது.

கடல்தாண்டி எழுதியது:

கணக்கன் ஐயாவின் பதிவு அருமை. ஆனால் அரசும் தொலைக்காட்சியும் அச்சடித்துக் கொடுத்த பெயர் என்று நிறுத்திக்கொண்டால் பாதிக் கதைதான் ஆகும். அமெரிக்காவின் தென்மேற்குப் பகுதி 1848 குவாதலூப்பே இதால்கோ உடன்படிக்கை வரை மெக்சிகோவாக இருந்தது. 'நாங்கள் எல்லையைத் தாண்டவில்லை, எல்லைதான் எங்களைத் தாண்டியது' என்று அங்குள்ள பழைய குடும்பங்கள் சொல்வது வெறும் சொல்விளையாட்டில்லை. புவேர்ட்டோ ரிக்கோ தீவு 1898இல் ஸ்பெயினிடமிருந்து அமெரிக்காவிடம் கைமாறியது. 1917இல் தீவு மக்கள் அமெரிக்கக் குடிமக்கள் ஆனார்கள். விமானம் ஏறி நியூயார்க்கில் இறங்கும் புவேர்ட்டோ ரிக்கர் எந்த நாட்டின் எல்லையையும் கடப்பதில்லை, ஆனாலும் அந்நியராகத்தான் பார்க்கப்படுகிறார்.

'லத்தீன் அமெரிக்கா' என்ற கருத்தும் வாஷிங்டனில் பிறந்ததன்று. சிலியைச் சேர்ந்த பிரான்சிஸ்கோ பில்பாவோவும் கொலம்பியாவைச் சேர்ந்த ஹோசே மரியா தோரெஸ் காய்செதோவும் 1856 வாக்கில் பாரிஸில் இருந்தபடி, வடக்கே விரியும் ஆங்கிலம் பேசும் வல்லரசுக்கு எதிர்ச்சொல்லாக அதைப் பயன்படுத்தினார்கள். ஊரை விட்டு வெளியே இருந்தவர்கள் ஊருக்கு வைத்த பெயர் அது. ஆகவே பெயர் வெளியிலிருந்து வந்தது என்பதாலேயே பொய்யாகிவிடாது. வெளியிலிருந்து வந்த பெயரை வைத்துக்கொண்டு மக்கள் வழக்கு தொடுத்திருக்கிறார்கள், தேர்தலில் வென்றிருக்கிறார்கள், பல்கலைக்கழகங்களில் துறைகள் தொடங்கியிருக்கிறார்கள்.

பெயரை வைப்பதற்கும் பெயர் ஒட்டுவதற்கும் உள்ள தூரத்தை அளக்க வேண்டுமானால் 'லத்தீனெக்ஸ்' என்ற சொல்லைப் பாருங்கள். ஆணுக்கு லத்தீனோ, பெண்ணுக்கு லத்தீனா என்றிருப்பதால், பாலின வேறுபாடு காட்டாத சொல் வேண்டும் என்று இணையத்திலும் கல்விக்கூடங்களிலும் நல்லெண்ணத்தோடு பரவியது. பியூ ஆய்வு மையம் 2024இல் வெளியிட்ட ஆய்வில், அதைக் கேள்விப்பட்ட ஹிஸ்பானிக் மக்கள் 47 விழுக்காடு. தங்களைக் குறிக்க அதைப் பயன்படுத்துவோர் 4 விழுக்காடு. ஸ்பானிஷ் நாக்கு அந்த 'எக்ஸ்' ஒலியை அந்த இடத்தில் ஏற்காது. 'லத்தீனே' என்ற வடிவமாவது வாயில் நுழைகிறது.

புதுவாசகி எழுதியது:

இந்தத் தளத்தில் முதல் முறையாக எழுதுகிறேன், தவறிருந்தால் பெரியவர்கள் பொறுத்துக்கொள்ளவும். என் மகளின் தோழி ஒருத்தியின் குடும்பம் மூன்று தலைமுறையாகக் கலிபோர்னியாவில் இருக்கிறது. அவளுக்கு ஸ்பானிஷ் வராது. 'எனக்குத் தெரியாது' என்பதற்கு 'நோ சே' என்று சொல்ல வேண்டிய இடத்தில் 'நோ சபோ' என்று இலக்கணப் பிழையோடு சொல்லும் பிள்ளைகளை 'நோ சபோ பிள்ளைகள்' என்று கேலி செய்கிறார்களாம். அவள் அதையே தன் டிக்டாக் பக்கத்துக்குப் பெயராக வைத்துக்கொண்டிருக்கிறாள். மொழி போய்விட்டால் பண்பாடு போய்விட்டதாகத்தானே பொருள்? அந்தப் பெண் தன்னை எதை வைத்து லத்தீனோ என்று சொல்லிக்கொள்கிறாள்?

கணக்கன் எழுதியது:

அம்மா, நீங்கள் கேட்ட கேள்விக்கு அந்த மக்களே விடை சொல்லியிருக்கிறார்கள். பியூ மையம் 2023இல் வெளியிட்ட ஆய்வில், ஸ்பானிஷ் பேசாமலும் ஒருவர் லத்தீனோவாக இருக்கலாம் என்று 78 விழுக்காட்டினர் கூறினார்கள். ஆனால் நன்றாகப் பேசத் தெரியாதவர்களில் பாதிக்கு மேற்பட்டோர், 54 விழுக்காட்டினர், அதற்காக மற்றொரு லத்தீனோவிடமே தாங்கள் அவமானப்பட்டதாகவும் கூறினார்கள். கொள்கையளவில் கதவு திறந்திருக்கிறது. உள்ளே நுழையும்போது வாசலில் யாரோ சிரிக்கிறார்கள். மூன்றாவது, அதற்கு அடுத்த தலைமுறையினரில் ஸ்பானிஷில் சரளமாக உரையாட முடிந்தவர்கள் மூன்றில் ஒரு பங்குதான்.

பெயரே உதிர்வதும் உண்டு. அதே மையத்தின் 2017ஆம் ஆண்டு ஆய்வின்படி, குடிபெயர்ந்து வந்த முதல் தலைமுறையில் 97 விழுக்காட்டினர் தங்களை ஹிஸ்பானிக் என்கிறார்கள். மூன்றாம் தலைமுறையில் 77. நான்காவதிலும் அதற்குப் பிறகும் 50. வெளியினத்தில் திருமணம் செய்துகொள்வது இதற்கு முக்கியக் காரணம்.

இதில் அரசுகளின் கையும் உண்டு. கலிபோர்னியாவில் 1998இல் வாக்கெடுப்பு நடத்தி இருமொழிக் கல்வியைப் பெரும்பாலும் ஒழித்தார்கள். 2016இல் மற்றொரு வாக்கெடுப்பு அந்தத் தடையை நீக்கியது. இடையில் பள்ளிக்குப் போன ஒரு தலைமுறை ஸ்பானிஷைச் சமையலறையில் மட்டும் கேட்டு வளர்ந்தது. அந்தத் தலைமுறையைப் பார்த்து 'நோ சபோ' என்று சிரிப்பதில் எனக்கு உடன்பாடில்லை.

இசைப்பித்தன் எழுதியது:

எல்லோரும் இழவு வீட்டில் உட்கார்ந்தாற்போல் பேசுகிறீர்கள். என் காதில் விழுவது வேறு.

ரெகேத்தோன் என்ற இசையை எடுத்துக்கொள்ளுங்கள். ஜமைக்காவின் தாளம், பனாமா கால்வாய்ப் பகுதிக்கு வந்த மேற்கிந்தியத் தொழிலாளர் குடும்பங்கள் வழியாக ஸ்பானிஷுக்கு மாறி, நியூயார்க்கின் ராப் இசையோடு கலந்து, புவேர்ட்டோ ரிக்கோவின் சான் ஹுவான் நகரத்து ஏழைக் குடியிருப்புகளில் ஒலிநாடாக்களில் கைமாறி வளர்ந்தது. 1990களின் நடுவில் புவேர்ட்டோ ரிக்கோ காவல்துறை கடைகளுக்குள் புகுந்து அந்த நாடாக்களை ஆபாசம் என்று பறிமுதல் செய்தது. அதே இசையைப் பாடும் புவேர்ட்டோ ரிக்கர் பேட் பன்னி 2020, 2021, 2022 ஆகிய மூன்று ஆண்டுகளும் ஸ்பாட்டிஃபையில் உலகிலேயே மிகுதியாகக் கேட்கப்பட்ட கலைஞர். அவர் ஆங்கிலத்துக்கு மாறவில்லை. தீவுக்காரர்களின் வழக்கப்படி 'எஸ்' ஒலியை விழுங்கி, 'ஆர்' ஒலியை 'எல்' ஆக்கித்தான் பாடுகிறார். முந்தைய தலைமுறையில் உலகச் சந்தைக்குப் போக விரும்பிய ஸ்பானிஷ் பாடகர்கள் ஆங்கிலத்தில் ஓர் இசைத்தொகுப்பு வெளியிடுவது எழுதப்படாத விதியாக இருந்தது. அந்த விதியை உடைத்தது யூடியூபும் ஸ்பாட்டிஃபையும்தான். வானொலி நிலைய அதிகாரியின் தயவு இனித் தேவையில்லை.

2025 கோடையில் அவர் சான் ஹுவான் அரங்கில் தொடர்ந்து பல வாரங்கள் பாடினார். முதல் ஒன்பது நிகழ்ச்சிகளுக்கான நுழைவுச்சீட்டுகள் தீவில் வசிப்போருக்கு மட்டும். உலகம் முழுதும் ஒலிக்கும் ஒருவர் உலகத்தைத் தன் ஊருக்கு வரச் செய்ததை நான் பெரிய திருப்பமாகக் கருதுகிறேன்.

அந்த மூன்றாம் தலைமுறைப் பெண்ணின் பேச்சு வந்ததால் இதையும் சொல்கிறேன். 2023இல் மெக்சிகோ வட்டார இசை அமெரிக்கப் பட்டியலின் உச்சிக்கு அருகே ஏறியது. அதைப் பாடியவர்களில் எஸ்லபோன் அர்மாதோ குழு கலிபோர்னியாவின் பாட்டர்சன் என்ற சிற்றூரைச் சேர்ந்தது. ஃபுவேர்சா ரெஹிதா குழு அதே மாநிலத்தின் சான் பெர்னார்தினோ. குருப்போ ஃப்ரொந்தேரா டெக்சாஸ் எல்லையோர எடின்பர்க். அமெரிக்காவில் வளர்ந்த பிள்ளைகள், ஆங்கிலம் சரளமாக வரும் பிள்ளைகள், தாத்தா காலத்துப் பன்னிரு தந்தி கிதாரையும் துபா ஊதுகுழலையும் தாமாகவே கையில் எடுத்திருக்கிறார்கள். யாரும் கட்டாயப்படுத்தவில்லை.

இது முதல் முறையுமன்று. சல்சா என்று உலகம் அறிந்த இசைக்கு அந்தப் பெயரைத் தந்து பரப்பியது நியூயார்க் நகரம். 1964இல் ஃபானியா நிறுவனத்தைத் தொடங்கிய இருவரில் ஒருவர் டொமினிக்கக் குடியரசில் பிறந்த ஜானி பாச்செக்கோ, மற்றவர் இத்தாலிய வழி அமெரிக்கர். வேர் ஊரில், பூ வெளியூரில். காயும் கனியும் பிறகு ஊருக்கே திரும்பிப் போயின.

கடல்தாண்டி எழுதியது:

இசைப்பித்தன் அவர்களின் உற்சாகத்தில் தண்ணீர் ஊற்ற விருப்பமில்லை. ஆனாலும், பாட்டுக் கேட்பவன் எல்லாம் மொழி கற்றவன் ஆகிவிட மாட்டான். கொரியாவிலும் போலந்திலும் அதே பாட்டைக் கேட்கிறார்கள். இன்னொன்று, அந்த ஒன்பது நிகழ்ச்சிகளையும் எண்ணிப் பாருங்கள்: தீவுக்கு வெளியே அமெரிக்க மாநிலங்களில் வாழும் புவேர்ட்டோ ரிக்கர்கள் 50 இலட்சத்துக்கும் மேல், தீவில் இருப்பவர்களோ சுமார் 32 இலட்சம்தான். பெரும்பான்மை வெளியே இருக்கிறது. நுழைவுச்சீட்டு உள்ளே இருப்பவர்களுக்கு. 2017இல் மரியா புயலுக்குப் பிறகு வேறு வழியின்றி புளோரிடாவுக்குப் போனவர் அந்த வரிசையில் நிற்க முடியாது. அந்த முடிவைக் குறை சொல்லவில்லை, நானாக இருந்தாலும் அப்படித்தான் செய்திருப்பேன். ஆனால் 'நம்மவர்' என்பதற்குள் இன்னொரு கோடு விழுந்ததை மறைக்க வேண்டாம்.

நான் 14 ஆண்டுகளாக ஸ்பானிஷ் மொழிபெயர்ப்பாளராக வேலை செய்கிறேன். திரைக்குப் பின்னால் நடப்பது உங்களுக்குத் தெரிந்தால் இவ்வளவு மகிழ மாட்டீர்கள். எங்கள் தொழிலில் 'நடுநிலை ஸ்பானிஷ்' என்று ஒன்று உண்டு. எந்த ஊரிலும் யாரும் பேசாத ஸ்பானிஷ் அது. மெக்சிகோக்காரருக்கும் அர்ஜென்டினாக்காரருக்கும் பெருவியருக்கும் ஒரே டப்பிங் போதும் என்பதற்காக நிறுவனங்கள் உருவாக்கியது. குழந்தைகள் யூடியூபில் அதையே கேட்டு வளர்வதால், புவெனஸ் அயர்ஸ் நகரத்துப் பிள்ளைகள் குளிர்பதனப் பெட்டிக்கு வீட்டில் வழங்கும் 'எலாதெரா' என்ற சொல்லை விட்டுவிட்டு 'நெவெரா' என்று கேட்பதைப் பற்றி அங்குள்ள பெற்றோர் பல காலமாகக் குறைபட்டுக்கொள்கிறார்கள்.

2019 தொடக்கத்தில் நடந்ததையும் நினைவூட்டுகிறேன். மெக்சிகோ இயக்குநர் அல்ஃபோன்சோ குவாரோனின் 'ரோமா' படத்தை ஸ்பெயினில் காட்டியபோது, நெட்ஃபிளிக்ஸ் அதன் மெக்சிகோ ஸ்பானிஷ் உரையாடலுக்குக் கீழே ஸ்பெயின் நாட்டு ஸ்பானிஷில் வசனவரி போட்டது. 'மமா' என்று பிள்ளை கூப்பிட்டால் 'மாத்ரே' என்று எழுத்தில் ஓடியது. மெக்சிகோக் குழந்தைகள் தின்னும் ஒரு கேக்கின் பெயர், ஸ்பெயினில் விற்கும் மொறுமொறுப்பான தின்பண்டத்தின் பெயராக மாறியது. குவாரோன் வெளிப்படையாகவே கடிந்துகொண்ட பிறகு அதை நீக்கினார்கள். அன்று சண்டை போட ஒரு பெரிய இயக்குநர் இருந்தார். நாள்தோறும் செயற்கை நுண்ணறிவு மொழிபெயர்க்கும் கோடிக்கணக்கான வரிகளுக்குச் சண்டை போட யார் இருக்கிறார்கள்? சிலியில் உள்ள தேசியச் செயற்கை நுண்ணறிவு மையம் பல நாடுகளைச் சேர்த்துக்கொண்டு 'லத்தம் ஜிபிடி' என்ற மொழி மாதிரியை உருவாக்க முனைந்தது இந்தக் கவலையினால்தான்.

நிலவெளி எழுதியது:

இவ்வளவு நேரமும் ஸ்பானிஷ் இருக்குமா போகுமா என்றே பேசிக்கொண்டிருக்கிறோம். வடகரை அவர்களின் பக்கத்து வீட்டுக்காரருக்கு ஸ்பானிஷே இரண்டாவது மொழி என்பதை மறந்துவிட்டோம்.

லத்தீன் அமெரிக்க நாடுகள் 20ஆம் நூற்றாண்டில் தங்களைக் 'கலப்பின' நாடுகளாகச் சொல்லிக்கொள்ளப் பழகின. மெக்சிகோவில் ஹோசே வாஸ்கோன்செலோஸ் 1925இல் அதை ஒரு தத்துவமாகவே எழுதினார். எல்லோரும் கலந்துவிட்டோம் என்ற பேச்சு கேட்க இனிமையாக இருந்தாலும், கலக்காதவர்களுக்கு அதில் இடமில்லாமல் போயிற்று. மெக்சிகோ தன் கணக்கெடுப்பில் 'நீங்கள் ஆப்பிரிக்க வழி மெக்சிகரா' என்று முழுமையாகக் கேட்டது 2020இல்தான். சுமார் 25 இலட்சம் பேர் ஆம் என்றார்கள். அந்நாட்டில் 68 பூர்வகுடி மொழிகள் தேசிய மொழிகளாகச் சட்டப்படி ஏற்கப்பட்டது 2003இல். அமெரிக்கக் குடிவரவு நீதிமன்றங்களில் 'லத்தீனோ' என்று ஸ்பானிஷ் மொழிபெயர்ப்பாளரை அழைத்து வந்து, எதிரே இருக்கும் குவாத்தமாலாப் பெண்ணுக்கு மாம் மொழியோ கிச்சே மொழியோ மட்டுமே தெரியும் என்று பிறகு கண்டுபிடித்து வழக்கை ஒத்திவைப்பது இன்றும் நடக்கிறது.

இந்த மக்களுக்கு இணையம் என்ன செய்தது என்பதுதான் எனக்குச் சுவையான பகுதி. ஒஹாக்காவில் தலேயா தெ காஸ்த்ரோ என்றொரு சபோட்டெக் ஊர். சந்தை சிறியது என்று பெரிய கைப்பேசி நிறுவனங்கள் அங்கே கோபுரம் வைக்க முன்வரவில்லை. 2013இல் ஊர்ச்சபை கூடி, ரைசோமாட்டிக்கா என்ற தன்னார்வ அமைப்பின் உதவியோடு, திறமூல மென்பொருளைக் கொண்டு தனக்கென ஒரு கைப்பேசி வலையமைப்பை நிறுவிக்கொண்டது. லாஸ் ஏஞ்சலிஸில் இருக்கும் பிள்ளைகளோடு பேசும் செலவு வெகுவாகக் குறைந்தது. பிற ஊர்களும் பின்பற்றின. அதற்கு வெகு முன்பே, ஒஹாக்காவில் பிறந்த மிஸ்டெக் இனத்தவரான ஊகோ மொராலெஸ் நிறுவிய 'ரேடியோ பிலிங்குவே' 1980இல் கலிபோர்னியாவின் ஃபிரெஸ்னோவிலிருந்து ஒலிபரப்பைத் தொடங்கி, பின்னாளில் பண்ணைத் தொழிலாளர்களுக்கு மிஸ்டெக் மொழியிலும் நிகழ்ச்சி நடத்தியது. கூகுள் மொழிபெயர்ப்பில் கெச்சுவா, ஐமாரா, குவாரானி ஆகிய மூன்று தென் அமெரிக்கப் பூர்வகுடி மொழிகளும் 2022இல் சேர்ந்தன. தரம் எப்படி என்று அந்தந்த மொழிக்காரர்கள்தான் சொல்ல வேண்டும்.

இதற்கு மறுபக்கமும் இருக்கிறது. 2020 அமெரிக்கக் கணக்கெடுப்பில் சுமார் 3,87,000 பேர் தங்கள் இனத்தை 'அஸ்டெக்' என்று மட்டும் எழுதினார்கள். அஸ்டெக் என்பது இன்று எந்த ஊர்ச்சபையும் தன்னை அழைத்துக்கொள்ளும் பெயரன்று. அஸ்டெக்குகள் பேசிய நாவாட்ல் மொழியை மெக்சிகோவில் பதினாறு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் பேசுகிறார்கள். அவர்கள் பெரும்பாலும் தங்கள் ஊர்ப் பெயரையே சொல்வார்கள். எச்சிலைக் குழாயில் அடைத்து அனுப்பினால் மின்னஞ்சலில் வரும் மரபணு அறிக்கை ஒரு பெரிய பேரரசின் பெயரை எளிதில் நினைவூட்டிவிடுகிறது. ஒரு சிற்றூரின் பெயரை அது தராது. அந்த 3,87,000 பேரில் எத்தனை பேருக்கு இன்றைய நாவாட்ல் கிராமம் ஒன்றின் பெயர் தெரியும் என்று கேட்கத் தோன்றுகிறது. கேட்பது சற்றுக் கொடுமையாகவும் படுகிறது, ஏனென்றால் அந்தப் பெயரை அவர்களிடமிருந்து பறித்தது வேறு யாரோ.

இசைப்பித்தன் எழுதியது:

நிலவெளி அம்மாவின் பதிவுக்கு என் வணக்கம். நான் மேடையைப் பார்த்துக்கொண்டிருந்தேன், நீங்கள் மேடைக்கு அடியில் இருக்கும் மண்ணைக் காட்டினீர்கள். நம் வீட்டுப் பிள்ளைகளுக்கும் இதே கதைதானே என்று எழுதத் தொடங்கினேன். அதற்கு இந்தத் தளத்தில் முப்பது இழைகள் ஏற்கெனவே இருப்பதால் அழித்துவிட்டேன்.

ஒன்றில் மட்டும் வேறுபடுகிறேன். பெரிய பெயரும் சண்டைக்குப் பயன்படும். 2013இல் டிஸ்னி நிறுவனம் மெக்சிகோவின் இறந்தோர் நாள் விழாவின் ஸ்பானிஷ் பெயரையே வணிகச் சின்னமாகப் பதிவு செய்ய விண்ணப்பித்தபோது, எதிர்த்தவர்கள் மிச்சோவாகான் மாநிலத்தவர்களும் ஒஹாக்காக்காரர்களும் மட்டுமல்லர். இணையத்தில் கையெழுத்து இயக்கம் பரவிய வேகத்தில் நிறுவனம் சில நாட்களிலேயே பின்வாங்கியது. எலிப்பேய் ஒன்று நகரத்தை மிதிக்கும் கேலிச்சித்திரம் வரைந்து எதிர்த்த லாலோ அல்கராஸைப் பின்னர் அதே நிறுவனத்தின் படப்பிரிவு ஆலோசகராக அமர்த்திக்கொண்டது. ஊர்ப் பெயரை மட்டும் வைத்துக்கொண்டிருந்தால் அத்தனை கையெழுத்து சேர்ந்திருக்காது.

கடல்தாண்டி எழுதியது:

அந்த விழாவைப் பற்றிய இன்னொரு வேடிக்கையையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மெக்சிகோ நகரத்தில் இறந்தோர் நாளுக்குப் பிரம்மாண்டமான ஊர்வலம் நடக்கிறதே, அது பழைய மரபு என்று சுற்றுலாப் பயணிகள் நம்புகிறார்கள். 2015இல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படத்தில் அப்படியொரு கற்பனை ஊர்வலம் காட்டப்பட்டது. பார்த்தவர்கள் தேடி வருவார்கள் என்று அரசு 2016இல் உண்மையாகவே ஒன்றைத் தொடங்கிவிட்டது. இன்று அதைப் பார்க்கப் போகும் மெக்சிகோச் சிறுவனுக்கு அது அவனுடைய மரபுதான். யுனெஸ்கோ பட்டியலில் இருப்பதோ கிராமத்து வீடுகளில் செண்டுமல்லிப் பூவும் ரொட்டியும் வைத்து இறந்தோரை வரவேற்கும் வழக்கம்.

இருந்தாலும் என் முதல் நிலையிலிருந்து சற்று இறங்கி வருகிறேன். பெரிய பெயர் எதிர்ப்புக்கு உதவும், வாழ்வதற்கு உதவுமா என்பதில் இப்போது ஐயம் வந்துவிட்டது.

வடகரை எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. இந்த விவாதத்தின் சாரத்தைப் பக்கத்து வீட்டுக்காரரிடம் சொல்லலாம் என்று நேற்று மாலை போனேன். வீட்டில் ஃபேஸ்புக் நேரலை ஓடிக்கொண்டிருந்தது. அவருடைய ஊர்க் காவல் தெய்வத்தின் திருவிழா. பித்தளைக் கருவிகள் முழங்க, கோயில் முற்றத்தில் ஆடிக்கொண்டிருந்தார்கள். படம் பிடிப்பவர் கூட்டத்தில் ஒவ்வொரு முகத்தையும் நின்று காட்டிச் செல்கிறார், வெளியூரில் இருப்பவர்கள் தங்கள் அம்மாவைப் பார்க்க வேண்டும் என்பதற்காக. கீழே கருத்துகள் ஓடிக்கொண்டே இருந்தன. பெரும்பாலும் வாழ்த்து; நடுநடுவே இன்னார் வாணவேடிக்கைக்கு இத்தனை டாலர் தந்தார் என்ற அறிவிப்பு.

நான் அறியாத ஒன்றை அவர் அப்போது சொன்னார். ஒஹாக்காவின் 570 நகராட்சிகளில் 400க்கும் மேற்பட்டவை கட்சித் தேர்தல் இல்லாமல் ஊர் வழக்கப்படி ஆட்சியாளர்களைத் தேர்ந்தெடுப்பவை. ஊர்ச்சபை கூடி ஆளை நியமிக்கும். காவல், கோயில், குடிநீர் என்று ஒவ்வொரு பொறுப்பையும் சம்பளமில்லாமல் ஓராண்டு சுமக்க வேண்டும். பொதுவேலைக்கு ஆள் வர வேண்டும். வெளிநாட்டில் இருக்கிறேன் என்பது விடுமுறைக்குக் காரணமாகாது. வராதவர் பணம் கட்ட வேண்டும், அல்லது தன் இடத்தில் ஒருவரை நிறுத்த வேண்டும். இரண்டும் செய்யாவிட்டால் ஊரில் அவருக்குள்ள நிலமும் பேச்சுரிமையும் கேள்விக்குள்ளாகும். முன்பெல்லாம் கடிதம் வர மாதக்கணக்காகும், தப்பித்துக்கொள்ளலாம். இப்போது வாட்ஸ்அப் குழுவில் இரண்டு நீலக் குறிகள் விழுந்துவிடுகின்றன என்று சிரித்தார்.

நீங்கள் எல்லோரும் எழுதியதைப் படித்தபோது எனக்குள் தெளியாமல் இருந்தது அங்கேதான் தெளிந்தது. லத்தீனோ என்ற பெயர் அவரிடம் எதையும் கேட்பதில்லை, ஒரு கோடு போட்டால் முடிந்தது. ஊர் கேட்டுக்கொண்டே இருக்கிறது; கைப்பேசி வந்த பிறகு இன்னும் உரக்கக் கேட்கிறது.

இந்த ஆண்டு குடிநீர்ப் பொறுப்புக்கு அவர் பெயரை முன்மொழிந்திருக்கிறார்கள். திரும்பிப் போனால் மறுபடி இங்கே நுழைவது அவருக்கு எளிதன்று. சித்தப்பா மகனுக்கு மாதாமாதம் பணம் அனுப்பித் தன் இடத்தில் நிற்கச் சொல்லப் போவதாகக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தார். மகள் அவருடைய தோளுக்குப் பின்னால் நின்று, சபையிலிருந்து வந்த செய்தியைத் தட்டுத் தடுமாறி வாசித்தாள். ஒரு சொல்லில் நின்றுவிட்டாள். "'தெக்கியோ' என்றால் என்ன, இது ஸ்பானிஷா?" என்று கேட்டாள். அவர் தோளைக் குலுக்கிக்கொண்டு, "ஊர் வேலை" என்றார். அவள் கைப்பேசியை எடுத்துத் தேடினாள். நாவாட்ல் மொழியில் வேலை, திறை என்ற பொருள்களில் வழங்கிய பழைய சொல்லிலிருந்து வந்தது என்று அதில் இருந்ததை எங்களுக்குப் படித்துக் காட்டினாள். பிறகு, அடுத்த ஆண்டு அப்பாவுக்குப் பதிலாகத் தன்னை நியமிக்க முடியுமா, தனக்கு இந்த நாட்டுக் கடவுச்சீட்டு இருக்கிறதே, என்று கேட்டாள். அவர் விடை சொல்லவில்லை. நேரலையின் ஒலியைக் கொஞ்சம் கூட்டி வைத்தார்.